கமராவைப் பார்க்காத கலியாணம்

1

போன கிழமை யாழ்ப்பாணத்திலிருந்து அன்ரன் அண்ணை தொலைபேசி எடுத்தார். அவர் என் பெரியம்மாவின் மகன். வழக்கமாக முதலில் சுகம் விசாரிப்பார், பிறகு லண்டனில் மழையா வெயிலா என்று கேட்பார், அதற்குப் பிறகுதான் விஷயத்துக்கு வருவார். அன்றைக்கு நேரே தொடங்கினார்.

"மகளுக்குக் கலியாணம் முடிச்சிட்டியாம். நல்லது. எங்களுக்கும் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்."

"ஆற்ற மகளுக்கு?"

"உன்ர மகளுக்குத்தான். படம் வந்தது. நீ கோட்டுப் போட்டுக்கொண்டு மணவறைக்குப் பக்கத்தில நிக்கிறாய். பிள்ளை ஆரோ ஒரு வெள்ளைக்காரப் பெடியனோட நிண்டு சிரிக்குது. வேதக்காரப் பிள்ளைக்கு மணவறை என்னத்துக்கு எண்டு உன்ர மச்சாள் கேக்கிறா."

"அண்ணை, அது சினிமா."

"ஓம், ஓம். இப்ப எல்லாரும் கலியாணத்தைச் சினிமா மாதிரித்தானே செய்யினம்."

அந்த வெள்ளைக்காரப் பெடியன் லைட் பிடிக்க வந்தவன், மணவறை வாடகைக்கு எடுத்தது, என் மகள் அங்கே வேலை செய்தவள் என்று எல்லாம் சொன்னேன். அண்ணை நம்பவில்லை. "சரி, எப்பவாவது பெடியனைக் கூட்டிக்கொண்டு வாங்கோ, நாங்கள் ஒண்டும் நினைக்கமாட்டம்" என்று சொல்லி வைத்துவிட்டார். இந்நேரம் செய்தி மன்னார் வரைக்கும் போயிருக்கும். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக விளக்க என்னால் ஏலாது. ஆகவே நடந்ததை இங்கே எழுதிவிடுகிறேன்.

2

நான் செவன் கிங்ஸில் குடியிருக்கிறேன். இல்ஃபோர்டில் ஒரு சின்னக் கம்பனிக்கு டாக்ஸி ஓட்டுகிறேன். என் மகள் டிலக்‌ஷி கணக்கியல் படிக்கப் போனாள். ஒரு வருடத்தில் அது தனக்குச் சரிவராது என்று விட்டுவிட்டுப் படப்பிடிப்பு வேலைக்குப் போனாள். என்ன வேலை என்று கேட்டால் நீளமான ஒரு ஆங்கிலப் பெயர் சொல்வாள். நான் பார்த்த அளவில், காதில் ஒரு வயரை மாட்டிக்கொண்டு நாள் முழுக்க ஓடுகிற வேலை. அங்கே அவளுக்கு 'டில்' என்று பெயர். வீட்டில் நான் கீழே நின்று "சாப்பிட வா" என்று கூப்பிட்டால், மேலேயிருந்து என் போனுக்கு 'ஓகே' என்று செய்தி வரும். எங்களுக்கு இடையில் ஒரு படிக்கட்டுத்தான் இருக்கிறது. அதற்கும் சட்டலைட் தேவைப்படுகிறது.

இந்த வருடம் அவள் ஒரு அமெரிக்கரின் படத்தில் வேலை செய்தாள். கதை எழுதியவரும் அவர், இயக்குபவரும் அவர். பெயர் வால்டர். படத்தின் பெரும்பகுதி இல்ஃபோர்டில். ஆனால் அவருக்கு மலிவாகக் கிடைத்த அறை கிங்ஸ்பரியில். லண்டனின் ஒரு மூலையிலிருந்து மறு மூலைக்குத் தினமும் கொண்டுவர வேண்டும். ஏற்கெனவே ஓட்டியவர் வாகன நெரிசலில் வெறுத்துப்போய் நின்றுவிட்டார். டிலக்‌ஷி வேறு வழியில்லாமல் என் பெயரைக் கொடுத்தாள். கொடுத்த கையோடு சட்டங்களும் போட்டாள்.

"அப்பா, லிசின். அவரோட நீங்கள் கதைக்கக்கூடாது."

"குட் மோர்னிங்?"

"குட் மோர்னிங் ஓகே. உங்கட கேஸ் கதையெல்லாம் நோ. ப்ளீஸ்."

வால்டர் எழுபது கடந்தவர். உயரம், ஒல்லி. கோடு போட்ட பழைய துணியில் ஒரே ஒரு ஜாக்கெட். சட்டைப்பையில் எப்போதும் ஒரு வாழைப்பழம் இருக்கும். பின் சீட்டில் இருக்கமாட்டார், முன்னால் என் பக்கத்தில்தான் ஏறுவார். முதல் நாள் நான் 'குட் மோர்னிங்' மட்டும் சொன்னேன். மிச்சத்தை அவர் கதைத்தார். நோர்த் சேர்குலர் வீதியின் நெரிசலில் ஒரு மனிதனின் முழு வாழ்க்கையையும் கேட்டு முடிக்கலாம்.

அமெரிக்காவில் ஏதோ ஒரு சின்ன ஊரில் டயர் கடையில் வேலை செய்துகொண்டிருந்திருக்கிறார். அறையில் குளிர் என்பதால், காசு போட்டுத் துணி துவைக்கிற கடையில் போயிருந்து தன் முதல் திரைக்கதையை எழுதினார். அதை யாரோ வாங்கி, வேறு யாரோ இயக்கி, படம் நன்றாக ஓடியது. தாயைத் தியேட்டருக்குக் கூட்டிக்கொண்டு போனார். திரையில் இவருடைய பெயர் வந்த நேரம் பார்த்து அந்த அம்மா தும்மிவிட்டார். பெயர் போய்விட்டது. இன்னொரு முறை டிக்கெட் எடுத்துப் பார்த்தார்களாம். இரண்டாவது முறை முன்னால் இருந்தவர் எழும்பினாராம்.

பிறகு அவரே ஒரு சின்னப் படம் இயக்கினார். பரிசு கிடைத்தது. பத்திரிகைகள் எழுதின. "அந்தக் காலத்தில் நான் போன் எடுத்தால் ஆட்கள் பதில் சொன்னார்கள்" என்றார். அந்த வேகத்தில் ஒரு பெரிய ஸ்டூடியோ கடல், புயல், கப்பல் என்று பெரிய படம் ஒன்றைக் கொடுத்தது. கடல் இவர் சொன்னபடி நடிக்கவில்லை. கப்பல் நேரத்துக்குத் தாழவில்லை. படம் மட்டும் தாழ்ந்தது.

அதற்குப் பிறகு நீண்ட காலம் மற்றவர்களின் கதைகளைத் திருத்திக் கொடுத்திருக்கிறார், பெயர் இல்லாமல். தையல்கடையில் காற்சட்டையை நீளம் குறைத்துக் கொடுக்கிற மாதிரி. "நீ பார்த்த படங்களில் சிலவற்றில் நான் இருக்கிறேன்" என்றார். எவை என்று கேட்டேன். சொல்லக்கூடாது என்று ஒப்பந்தமாம். பிறகு தொலைக்காட்சியில் துப்பறியும் நாய் ஒன்றின் தொடர். "நாய் சொன்னதைச் செய்தது. கேள்வி கேட்கவில்லை. நான் வேலை செய்ததிலேயே நல்ல நடிகர்" என்றார். அதற்குப் பிறகு வருடக்கணக்கில் கூட்டங்கள் மட்டும். ஒவ்வொரு கூட்டத்திலும் இவருடைய கதையை நேசிப்பதாகச் சொல்வார்களாம். அந்த ஊரில் நேசிக்கிறோம் என்றால் வீட்டுக்குப் போகலாம் என்று அர்த்தமாம்.

கடைசியில் லண்டனில் ஒரு சின்ன நிறுவனம் பணம் போட வந்தது. படத்தை லண்டனில் எடுக்கவேண்டும் என்பது நிபந்தனை. சிக்காகோவில் போலந்துக்காரர் வீட்டுக் கலியாணம் ஒன்றைப் பற்றி அவர் எழுதிய கதை அப்படித்தான் இல்ஃபோர்டில் தமிழர் வீட்டுக் கலியாணமானது. மாற்றியது ஊர்ப்பெயரும் சாப்பாடும்தான் என்று அவரே சொன்னார்.

கதை இவ்வளவுதான். மகள் தன் கலியாணத்துக்குத் தகப்பனை அழைக்கவில்லை. அவர் அமெரிக்காவிலிருந்து பறந்து வந்து மண்டபத்தின் பின்பக்கம் நிற்கிறார். முந்நூறு பேர் சாப்பிடுகிறார்கள். ஒருவரும் அவரைப் பார்க்கவில்லை. அவர் திரும்பிப் போகிறார்.

"இந்த ஒரு காட்சிக்காகத்தான் படம். இது சரியாக வரவில்லையென்றால் மிச்சம் எல்லாம் வெறும் போக்குவரத்து" என்றார்.

"உங்களுடைய சொந்தக் கதையா?" என்று கேட்டேன்.

"இல்லை. என் மகள் கலியாணமே செய்யவில்லை. எங்கோ மலைப்பக்கம் ஆடு வளர்க்கிறாள். ஆடுகளும் என்னை அழைத்ததில்லை."

3

அவர் இவ்வளவு சொன்ன பிறகு நான் 'குட் மோர்னிங்' மட்டும் சொல்லிக்கொண்டிருப்பது மரியாதையில்லை. மகளுடைய சட்டத்தை மீறினேன்.

என்னுடைய வரலாறும் பெரிதில்லை. ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடம் சரி. கொஞ்ச நாள் கடல் தொழில். பிறகு கொழும்பில் ஒரு லொட்ஜில், வெளிநாட்டுக்குக் களவாக ஆள் அனுப்புகிற ஏஜென்சிக்காரனுக்காகக் காத்திருந்தது. மொஸ்கோவில் ஒரு அறையில் ஆட்கள் கூட, கட்டில் குறைவு, முறை வைத்து நித்திரை கொண்டோம். லொறியில் வெங்காயத்துக்கு நடுவில் ஒரு எல்லை, நடந்து ஒரு எல்லை, ஆற்றைக் கடந்து ஒன்று. அந்த ஆற்றுத் தண்ணீரின் குளிர் இன்னும் இடது முழங்காலில் இருக்கிறது. மழை வருமுன் அது சொல்லும். பாரிசில் கோப்பை கழுவினேன். லண்டனில் பெட்ரோல் ஸ்டேஷன், கோழிக்கடை, மரக்கறிக் கிட்டங்கி, இப்போது கார். ஒரு இடத்தில் நிலைத்திருக்கிற பழக்கம் எனக்கு இல்லை. வீட்டுக்காரி அதை வேறு சொற்களில் சொல்வாள்.

வால்டர் ஆர்வமாகக் கேட்டது இந்த நாட்டில் என் அகதி வழக்கு விசாரிக்கப்பட்ட கதையைத்தான். என்னை விசாரித்த அலுவலர் ஒரு நாள் முழுக்கக் கேட்டுவிட்டு, ஒரே ஆள் இத்தனை எல்லைகளை இத்தனை விதமாகக் கடந்திருக்க முடியாது, நம்பும்படியாக இல்லை என்று நிராகரித்தார்.

வால்டர் முன் கண்ணாடியில் கையால் அடித்துச் சிரித்தார். "ஸ்டூடியோவிலும் எனக்கு இதைத்தான் சொன்னார்கள். கதாநாயகனுக்கு இவ்வளவு நடக்காது என்று. நீ என்ன செய்தாய்?"

"மேல்முறையீட்டில் இரண்டு எல்லைகளைப் பற்றிப் பேசாமல் விட்டோம்."

"பொய்யானவற்றையா?"

"இல்லை. எல்லாம் உண்மைதான். நம்ப முடியாத இரண்டை விட்டோம். அனுமதி கிடைத்தது."

"நான் வருடக்கணக்கில் செய்த வேலையும் அதுதான். உனக்காவது கடைசியில் பாஸ்போர்ட் கொடுத்தார்கள்" என்றார்.

4

கலியாணக் காட்சிக்கு ஆட்கள் வேண்டும். துணை நடிகர்களை அனுப்புகிற ஒரு ஏஜென்சி கொஞ்சப் பேரை அனுப்பிப் பார்த்தது. எல்லோரும் கறுப்புத் தலைமயிர், அவ்வளவுதான் பொருத்தம். ஒருவர் பெரு நாட்டுக்காரர். வால்டருக்கு உண்மையான தமிழர்கள் வேண்டும். டிலக்‌ஷி என்னிடம் வந்தாள். படியிறங்கி நேரில் வந்தாள் என்பதிலிருந்தே நிலைமை விளங்கியது.

ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசை முடிந்ததும் மாதா கோயில் வாசலில் நின்று அறிவித்தேன். ஒரு நாள் கூலி உண்டு, சாப்பாடு உண்டு, பட்டுச்சேலை கட்டவேண்டும், கையெழுத்து ஒன்று வைக்கவேண்டும். முதல் மூன்றிலும் ஒருவருக்கும் பிரச்சினையில்லை. கையெழுத்து என்றதும் கூட்டம் ஒரு அடி பின்னுக்குப் போனது.

"அந்தப் பேப்பர் கவுன்சிலுக்குப் போகுமோ?" என்று ஒருவர் கேட்டார்.

"போகாது."

"அப்ப என்னத்துக்குக் கையெழுத்து?"

கிட்டங்கியில் என்னோடு வேலை செய்த ஞானம் அண்ணை என்னைத் தனியே இழுத்தார். "நான் அண்டைக்குச் சுகமில்லை எண்டு சொல்லிப்போட்டுத்தான் வரவேணும். மனேச்சர் இந்தப் படம் பாப்பாரோ?"

"தெரியாது அண்ணை. வராமல் விடுங்கோவன்."

"வருவன். ஆனால் முகம் தெரியப்படாது."

மண்டபம் செவன் கிங்ஸில், ஒரு நாளைக்கு மட்டும் கிடைத்தது. அடுத்த நாள் அங்கே உண்மையான கலியாணம். பணம் போட்ட நிறுவனத்திலிருந்து கிளேர் என்ற இளம் பெண் வந்து ஒரு கதிரையில் இருந்தாள். மரியாதையான பிள்ளை. மரியாதையாகவே வால்டரிடம் சொன்னாள். இன்று இந்தக் காட்சி முடிந்தால் சரி. முடியாவிட்டால் இன்னொரு நாளுக்குப் பணம் இல்லை, படத்தை இத்தோடு நிறுத்துவதாகத்தான் முடிவு. வால்டர் தலையாட்டினார். காரில் வரும்போது, தனக்கு இனி வேறொரு படம் யாரும் தரப்போவதில்லை என்று அவர் சொல்லியிருந்தார், வானிலை சொல்வதைப் போல.

எங்கள் ஆட்கள் படக்குழுவுக்கு முன்பே வந்து வாசலில் நின்றார்கள். பட்டு, தங்கம், மல்லிகை. பிலோமினா அக்கா வண்ணக் காகிதம் சுற்றிய பெரிய பெட்டியோடு வந்தார்.

"அக்கா, இது நடிப்பு. பரிசு தேவையில்லை."

"தெரியும். நடிப்பெண்டாலும் வெறுங்கையோட எப்பிடி வாறது?"

மணப்பெண்ணாக நடித்த பிள்ளையிடம் போய்க் கொடுத்துக் கொஞ்சிவிட்டும் வந்தார். உள்ளே றைஸ் குக்கர். அந்தப் பிள்ளை அழுதுவிட்டது.

முதல் டேக். தண்டவாளம் மாதிரி ஒன்றைப் போட்டு அதன்மேல் கமரா மேசைகளுக்கு நடுவே மெதுவாக ஊர்ந்து வரும். ஆட்கள் சாப்பிட்டுக் கதைத்துக்கொண்டிருக்க வேண்டும். தூரத்தில் தகப்பனாக நடிப்பவர் நிற்பார். வால்டர் "ஆக்‌ஷன்" என்றார்.

கமரா முதல் மேசைக்கு வந்தது. எட்டுப் பேரும் சாப்பிடுவதை நிறுத்தினார்கள். வாயைத் துடைத்தார்கள். முதுகை நிமிர்த்தி நேரே கமராவைப் பார்த்தார்கள். தாய்மார் பிள்ளைகளின் நாடியைப் பிடித்துத் திருப்பினார்கள். கமரா கடந்து போனதும் மறுபடி சாப்பிடத் தொடங்கினார்கள். அடுத்த மேசை நிறுத்தியது. அதற்கடுத்தது. மண்டபம் முழுக்க, ஒழுங்காக, மேசை மேசையாக. ஒத்திகை பார்த்தாலும் அவ்வளவு ஒழுங்கு வராது.

வால்டர் என்னிடம் விளக்கினார். நான் ஒலிபெருக்கியில் சொன்னேன். "கமராவைப் பாக்க வேண்டாமாம். கமரா இல்லாத மாதிரி இருக்கட்டாம்."

"ஓம், ஓம்" என்றது மண்டபம்.

இரண்டாவது டேக்கில் ஒருவரும் திரும்பவில்லை. ஆனால் வாய் நின்றது, கண் மட்டும் போனது. மூன்றாவதில் எல்லோரும் பிடிவாதமாகத் தட்டையே பார்த்துக்கொண்டு ஒரு சொல்லும் பேசாமல் சாப்பிட்டார்கள். செத்தவீட்டில்கூடக் கொஞ்சம் கதைப்பார்கள். நான்காவதில் எல்லாம் நன்றாகப் போய்க்கொண்டிருந்தபோது ஞானம் அண்ணை அப்பளத்தால் முகத்தை மறைத்தார்.

மதியம் கடந்தது. கிளேர் மணிக்கூட்டைப் பார்க்காமல் இருக்கக் கஷ்டப்பட்டாள். டிலக்‌ஷி என் கையைப் பிடித்தாள். பல வருடங்களுக்குப் பிறகு பிடித்த கை. "அப்பா, டூ சம்திங். அவருக்கு இது லாஸ்ட் சான்ஸ்."

வால்டர் பிலோமினா அக்காவின் மேசைக்குப் போய் முழங்காலில் இருந்தார். கோபமில்லை. ஏன் பார்க்கிறீர்கள் என்று கேட்கச் சொன்னார். கேட்டேன்.

"பாக்காட்டி அம்மா என்னை எப்பிடிக் காணுறது?" என்றார் அக்கா.

இதை மொழிபெயர்த்தால் போதாது, விளக்கவும் வேண்டியிருந்தது. எங்கள் ஊரில் கமரா என்பது முதலில் அடையாள அட்டைக்கு. நேரே பார், அசையாதே, இரண்டு காதும் தெரியவேண்டும். பார்க்காவிட்டால் அட்டை இல்லை, அட்டை இல்லாவிட்டால் வீதியில் போக முடியாது. பிறகு கடல் கடந்தோம். சண்டையில் பாதை பூட்டியிருந்த வருடங்களில் இங்கே நடந்த ஒவ்வொரு கலியாணத்தின் வீடியோக் கசற்றும் எப்படியோ ஊருக்குப் போனது. அங்கே ஜெனரேற்றர் வைத்துப் போட்டுப் பார்ப்பார்கள். மணமக்களை அல்ல. எந்த மேசையில் தங்கள் பிள்ளை இருக்கிறது, மெலிந்ததா கொழுத்ததா என்று. அதனால் கமரா வந்தால் வாயைத் துடைத்துவிட்டு நேரே பார்க்கவேண்டும். பிலோமினா அக்காவின் தாய் கடைசியாக மகளைக் கண்டது யாரோ ஒருவருடைய கலியாணக் கசற்றில்தான்.

"இப்போது அந்த அம்மா?" என்று வால்டர் கேட்டார்.

"செத்துப்போனா" என்றார் அக்கா. "ஆனால் கழுத்து தன்பாட்டில திரும்புதே, தம்பி."

எழுபது கடந்த வால்டரை அவர் தம்பி என்றதை நான் மொழிபெயர்க்கவில்லை.

5

அந்த நேரம் மண்டபக் கதவைத் தள்ளிக்கொண்டு தீபன் வந்தான். கிழக்கு லண்டனில் தமிழர்களின் கலியாணத்துக்கும் பிறந்தநாளுக்கும் வீடியோ எடுப்பவன். தோளில் கமரா, கமராவின் தலையில் வெளிச்சம், முகத்தில் கோபம்.

"ஆர் இஞ்ச வீடியோ? இந்த ஹோல்ல எப்பவும் நான்தானே. எனக்குச் சொல்லாமல் வெள்ளையளைக் கூப்பிட்டிருக்கிறியள்."

"தீபன், இது கலியாணமில்லை."

"சாப்பாடு நடக்குது, கேக் இருக்குது, பொம்பிளை இருக்கிறா. ஞானம் அண்ணை கோட்டுப் போட்டிருக்கிறார். கலியாணமில்லையாம்."

சாட்சி வேண்டும் என்று நினைத்தானோ என்னவோ, வெளிச்சத்தைப் போட்டு மண்டபத்தைப் பதிவு செய்யத் தொடங்கினான். "இஞ்ச பாருங்கோ" என்றுகூட அவன் சொல்லவில்லை. முந்நூறு தலைகளும் அவன் பக்கம் திரும்பின. வாய்கள் துடைக்கப்பட்டன. நாடிகள் உயர்ந்தன.

டிலக்‌ஷி அவனை வெளியே அனுப்ப ஓடினாள். வால்டர் "நில்" என்றார். அவ்வளவு உரத்து அவர் பேசி நான் கேட்டதில்லை. அவர் தீபனைப் பார்க்கவில்லை. மண்டபத்தின் மறுபக்கம், கதவோரம் மறந்துபோய் நின்றுகொண்டிருந்த தகப்பன் நடிகரைப் பார்த்துக்கொண்டிருந்தார். முந்நூறு பேரும் வெளிச்சத்துக்கு முகம் காட்டிச் சிரித்தார்கள். அந்தத் தகப்பனுக்குத் தெரிந்தது முந்நூறு பின்தலைகள்.

தண்டவாளம் கழற்றப்பட்டது. பெரிய கமரா கதவோரத்துப் பூச்சோடனைக்குப் பின்னால் போனது. தீபனிடம் நான் பேசினேன். வழமை போல மேசை மேசையாக எடுத்துக்கொண்டு போகவேண்டும், இடது பக்கமாக, அவசரமில்லாமல்.

"எடுக்கிறன். ஆனால் எனக்கு ஆரும் கட் சொல்லப்படாது."

வால்டர் சம்மதித்தார்.

ஒரே டேக். தீபன் போனான், மண்டபம் அவனோடு திரும்பியது, எல்லோரும் தங்கள் தங்கள் ஆட்களைப் பார்த்துச் சிரித்தார்கள். பின்னால் அந்த நடிகர் வந்தார், நின்றார், யாராவது திரும்புவார்களா என்று பார்த்தார், போனார். வால்டர் "கட்" என்றார். படக்குழு நின்றது. எங்கள் ஆட்கள் நிற்கவில்லை, ஏனென்றால் தீபன் இன்னும் முடிக்கவில்லை.

சின்னத் திரையில் திரும்ப ஓட்டிப் பார்த்தார்கள். ஞானம் அண்ணையின் முகம்கூடத் தெரியவில்லை. கிளேர் எழும்பி வந்து வால்டருக்குக் கை கொடுத்தாள். "படம் இருக்கிறது" என்றாள். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்து முடிக்க நேரம் எடுத்தது.

6

பிறகு படக்குழுவுக்குச் சாப்பாடு. நடிப்புக்கு வைத்த சோறு ஆறிவிட்டது என்று பெண்கள் சமையலறைக்குள் புகுந்து ஆட்டுக்கறியைச் சூடாக்கினார்கள். அது அவர்களுடைய வேலையில்லை என்று டிலக்‌ஷி சொல்லிப் பார்த்தாள். "நீ இரு பிள்ளை, மெலிஞ்சுபோனாய்" என்று அவளுக்கும் ஒரு தட்டைக் கொடுத்தார்கள். லைட் பிடித்த பெடியனோடு அவள் மணவறைக்குப் பக்கத்தில் நின்று சாப்பிட்டாள். நான் அந்தப் பக்கம் போனபோது யாரோ போனில் படம் எடுத்தார்கள். அன்ரன் அண்ணை பார்த்தது அதைத்தான்.

வால்டர் தட்டோடு ஒரு மூலையில் நின்றார். கையால் சாப்பிட முயன்று, விரல்களைச் சோற்றுக்குள் விட்டுவிட்டு அடுத்தது என்ன என்று யோசித்துக்கொண்டிருந்தார். தீபன் தொடங்கிய வேலையைப் பாதியில் விடுகிறவன் இல்லை. வெளிச்சத்தோடு ஒவ்வொருவராக எடுத்துக்கொண்டு வந்து வால்டருக்கு முன்னால் நின்றான்.

"சேர், இஞ்ச பாருங்கோ."

வால்டர் என்னிடம் குனிந்து, "இதை யார் பார்ப்பார்கள்?" என்று கேட்டார்.

"எங்களுக்குத் தெரியாது. யாராவது யாருக்காவது அனுப்புவார்கள். எங்கெல்லாமோ போகும்" என்றேன்.

அவர் தட்டை என் கையில் தந்தார். கடதாசித் துண்டால் வாயைத் துடைத்தார். ஜாக்கெட்டின் பொத்தானைப் பூட்டி, முதுகை நிமிர்த்தி, நேரே கமராவைப் பார்த்தார்.

"கொஞ்சம் சிரியுங்கோ சேர்" என்றான் தீபன்.

நான் மொழிபெயர்க்கவில்லை. அவர் சிரித்தார். வெளிச்சம் அடுத்த ஆளுக்கு நகர்ந்த பிறகும் கொஞ்ச நேரம் அப்படியே பார்த்துக்கொண்டு நின்றார்.